பூக்குழியின் எந்தப் பக்கம் நிற்பது? வழிபாட்டை ஆவணப்படமாக்க விரும்பும் ஒளிப்பதிவாளருக்கு

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் ஈஸ்டர் விடுமுறையின் நான்கு நாட்களும் ஒளிப்பதிவாளருக்கு அறுவடைக் காலம். பெரிய வெள்ளியன்று இசிப்பிங்கோ மாரியம்மன் கோயிலில் விடியுமுன்பே பால்குடங்களோடு வரிசை நிற்கும். கடற்கரையில் ஹரே கிருஷ்ண இயக்கத்தார் தேர் இழுப்பார்கள். வடக்கே லிம்போபோ மாநிலத்தின் மோரியாவை நோக்கிச் சீயோன் கிறித்தவத் திருச்சபையினர் பேருந்து பேருந்தாகப் போய்ச் சேருவார்கள். கிறித்தவத் திருநாளில் மாரியம்மனுக்கு விழா எப்படி அமைந்தது என்று வெளியூர்ப் படக்குழுவினர் தவறாமல் வியப்பார்கள். கரும்புத் தோட்டத்து ஒப்பந்தத் தொழிலாளர்களுக்குச் சேர்ந்தாற்போல் விடுப்புக் கிடைத்த நாட்கள் ஆண்டில் மிகக் குறைவு, அவற்றுள் இதுவும் ஒன்று என்பதே பெரியவர்கள் சொல்லும் காரணம். இதை அறிந்த ஒளிப்பதிவாளர் அன்று கோயிலோடு நின்றுவிட மாட்டார். கரும்புக் காட்டையும் ஆலை வாசலையும் முந்திய வாரமே எடுத்து வைத்திருப்பார்.

டர்பன் அமைந்திருக்கும் குவாசுலு-நட்டால் மாநிலத்தில் கோயில் விழாக்களையும் பிற சமயத்தாரின் யாத்திரைகளையும் படமாக்கிப் பிழைத்து வருபவன் என்ற முறையில், இத்தொழிலுக்கு வர விரும்பும் இளைஞர்கள் என்னிடம் முதலில் கேட்கும் கேள்வி எந்தக் கேமரா வாங்குவது என்பதே. அதற்கும் கீழே விடை தருகிறேன். ஆனால் முதலில் கற்க வேண்டிய கருவி சடங்கின் வரிசை. அடுத்தது என்ன நடக்கும் என்று தெரிந்தவருக்கே கேமராவை வைக்கும் இடம் தெரியும்.

வரிசையை எழுதி வைத்தல்

ஒரு கோயிலின் தீமிதியை எடுக்க ஒப்புக்கொண்டால், அந்தக் கோயிலில் கொடியேற்றம் என்றைக்கு, காப்புக் கட்டுவது யாருக்கு, கரகம் எந்த ஆற்றங்கரையில் சோடிக்கப்படுகிறது, ஊர்வலம் எந்தத் தெரு வழியாகத் திரும்புகிறது, குழியில் விறகு மூட்டுவது யார், எத்தனை மணி நேரம் கழித்துக் கங்கைப் பரப்புகிறார்கள், முதலில் இறங்குபவர் யார் என்பவற்றை ஒரு தாளில் எழுதி, கோயிலின் தரைப்படத்தையும் வரைந்துகொள்ள வேண்டும். இந்த வரிசை கோயிலுக்குக் கோயில் மாறும். அச்சிட்ட நிகழ்ச்சி நிரலை நம்பக் கூடாது. நான் தொழிலுக்கு வந்த புதிதில், நிரலில் பிற்பகல் மூன்று மணி என்று போட்டிருந்ததை நம்பி, இரண்டரை மணி முதல் குழிக்கரையை விட்டு அசையாமல் நின்றேன். கரகம் ஆற்றிலிருந்து திரும்பியபோது மணி ஐந்தாகிவிட்டது. அதற்குள் மின்கலம் இரண்டு தீர்ந்திருந்தன. கேமரா வெயிலில் சூடேறித் தானே அணைந்துபோனது. ஆற்றங்கரையில் கரகம் எழுந்த நேரத்தின் ஒரு நொடிகூட என்னிடம் இல்லை. விழாவின் கடிகாரம் கரகந்தான் என்பதை அன்று கற்றேன். அன்று முதல் என் உதவியாளர் ஒருவர் கரகத்தோடு நடந்து வந்து, ஊர்வலம் எங்கே இருக்கிறது என்று எனக்குக் கைபேசியில் சொல்லிக்கொண்டே இருப்பார்.

தலைப்பின் கேள்விக்கு இங்கேயே விடை சொல்லிவிடலாம். பெரும்பாலான கோயில்களில் அம்மனின் உற்சவத் திருமேனியைக் குழியின் ஒரு முனையில் குழியைப் பார்த்து எழுந்தருளச் செய்வார்கள்; பக்தர்கள் மறுமுனையில் இறங்கி அவளை நோக்கி வருவார்கள். அம்மனுக்கு முன்னால் நின்று எடுத்தால் முகங்கள் நேராகக் கிடைக்கும் என்பது உண்மையே. ஆனால் அது அவள் பார்வைக் கோடு; அங்கே முக்காலியை நிறுத்தியவருக்கு அடுத்த ஆண்டு அழைப்பு வராது. குழியின் நீளப் பக்கத்தில், வெளியேறும் முனையிலிருந்து மூன்றில் ஒரு பங்கு தள்ளி, இடுப்பளவு உயரத்தில் கேமராவை வைத்தால் முகமும் கங்கும் பாதமும் ஒரே படச்சட்டத்துள் அடங்கும். குழிக்கு நேர் மேலாகத் தொலைவு லென்சால் பார்த்தால் வெப்பக் காற்று அலைந்து உருவம் கலங்கும். எந்த லென்சும் அதைத் திருத்தாது. ஆகவே குழியின் குறுக்கே பார்ப்பதைக் குறைத்து, ஓரத்தில் நின்று சாய்வாகப் பாருங்கள். புகையில் தானியங்கிக் குவியம் (ஃபோகஸ்) தடுமாறும் என்பதால் தூரத்தை முன்பே அளந்து கையால் பூட்டிவிடுவது நல்லது.

முதல் ஆண்டு கேமரா இல்லாமல் போங்கள் என்று நான் சொன்னால் இளைஞர்கள் சிரிக்கிறார்கள். ஜெர்மானிய இயக்குநர் பிலிப் குரோனிங், பிரெஞ்சு ஆல்ப்ஸ் மலையிலுள்ள கார்த்தூசியன் என்னும் கத்தோலிக்கத் துறவிகளின் மடத்தைப் படமெடுக்க 1984இல் அனுமதி கேட்டார். மடத்திலிருந்து இசைவு வர 16 ஆண்டுகள் ஆயின. பிறகு அவர் ஒருவராகவே கேமராவும் ஒலிக்கருவியுமாக அங்கே தங்கி, செயற்கை விளக்கு ஏதுமின்றி எடுத்து, 2005இல் படத்தை வெளியிட்டார். நம் கோயில்கள் அவ்வளவு காத்திருக்கச் செய்வதில்லை. ஓர் ஆண்டு கூழ் ஊற்றும் நாளில் குவளை கழுவிக் கொடுத்தாலே போதும், மறு ஆண்டு கேமராவுக்கு இடம் கிடைத்துவிடும்.

அனுமதி என்பது ஒன்றல்ல, மூன்று. கோயில் குழுவின் தலைவரோ செயலாளரோ தரும் கடிதம் வாசல்வரைக்கும் செல்லும். உள்ளே குருக்கள் அல்லது பூசாரியின் சொல்லே செல்லும். படத்தில் முகம் தெரியப்போகும் பக்தரின் இசைவு தனி. குழுவின் பொறுப்பாளர்கள் ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் மாறிவிடுவார்கள் என்பதால், கடிதத்தில் எந்த நாட்கள், எந்தப் பகுதிகள், மூலவரை எடுக்கலாமா கூடாதா என்பவை தெளிவாக எழுதப்பட்டிருக்க வேண்டும். பல கோயில்களில் மூலவரைப் படம் எடுக்க விடமாட்டார்கள். அங்கே தீபாராதனையின்போது கேமராவைப் பின்னால் திருப்பி, சன்னதியைப் பார்த்து நிற்பவர்களின் முகங்களை எடுங்கள். என் அனுபவத்தில் மூலவரை எடுத்த காட்சியைவிட அந்த முகங்களே படத்தொகுப்பில் தங்குகின்றன.

படக்குழுவினரைச் சேர்ப்பதிலும் சடங்கே முடிவு செய்யும். படக்குழுவில் ஒருவர் வீட்டில் இழவு நேர்ந்தால் தீட்டு என்று அவர் கோயிலுக்குள் வர இயலாது. ஆகவே ஒலிப்பதிவாளருக்கும் இரண்டாம் கேமராவுக்கும் மாற்று ஆள் இருவரை எப்போதும் பேசி வைக்க வேண்டும். பெண் ஒளிப்பதிவாளர்களிடம் மாதவிலக்குப் பற்றிக் கேட்கும் கோயில்களும் உண்டு. அந்தப் பேச்சு விழா நாளன்று வாசலில் நடந்தால் அனைவருக்கும் அவமானம். முன்பே தனியாகப் பேசி, அந்தக் கோயிலில் வேலை செய்ய விருப்பமா என்பதை அப்பெண்ணே முடிவு செய்யட்டும். தோல் வாரும் தோல் பெல்ட்டும் தோல் பையும் உள்ளே வரக் கூடாது. கேமரா வார் நைலானாக இருக்கட்டும். விரத நாட்களில் குழுவினருக்கும் மரக்கறி உணவுதான். தைப்பூசம் இங்கே கோடையின் உச்சியில் வருகிறது. உம்கேனி சாலைக் கோயிலில் காவடியோடு நடப்பவர்களைப் போலவே நீங்களும் வெறுங்காலோடு தார்ச்சாலையில் நடக்க வேண்டியிருக்கும். அதற்கு ஒரு மாதம் முன்பிருந்தே வெறுங்காலில் நடந்து பழகாதவரின் படம், பிற்பகலுக்குள் ஆடத் தொடங்கிவிடும்.

ஒளியும் கருவியும்

கோயிலுக்குள் விளக்குக் கொண்டுபோகாமல் எடுக்கப் பழக வேண்டும் என்பதால், இருட்டில் நன்றாகப் பார்க்கும் கேமராவே இந்த வேலைக்கு உகந்தது. சோனி எஃப்எக்ஸ்3, எஃப்எக்ஸ்6 ஆகிய கேமராக்கள், நிறத்தைப் பிற்பாடு திருத்த இடம்விட்டுப் பதியும் லாக் முறையில் ஐஎஸ்ஓ 800, 12800 என இரண்டு அடிப்படை உணர்திறன்களைக் கொண்டவை. இரண்டாவது அளவில் ஓர் எண்ணெய் விளக்கின் வெளிச்சத்திலேயே முகம் எழுந்து வரும். இவற்றையே வாங்க வேண்டும் என்பதில்லை. வாடகைக்கு எடுக்கலாம், பழைய கேமராவோடு எஃப்1.4 அல்லது எஃப்1.8 திறப்புள்ள 35, 85 மில்லிமீட்டர் லென்சுகள் இரண்டு இருந்தாலும் போதும். தென்னாப்பிரிக்காவில் மின்சாரம் 50 ஹெர்ட்சில் ஓடுகிறது. ஆகவே நொடிக்கு 25 படச்சட்டம், 1/50 அல்லது 1/100 ஷட்டர் என்று வைத்தால் குழல்விளக்கு சிமிட்டாது. கோபுரத்தில் ஓடவிடும் வண்ண எல்இடி மாலைகள் அப்போதும் வரிவரியாகத் தெரியக்கூடும். முந்திய இரவே போய்ச் சோதித்துப் பாருங்கள்.

ஒளிக்கேற்ப நிறத்தைக் கேமராவே சரிசெய்யும் தானியங்கி வெண்சமனை (ஒயிட் பேலன்ஸ்) மூடிவிட வேண்டும். கற்பூரம் எரியத் தொடங்கியதும் கேமரா குழம்பி, மஞ்சளை நீலமாக இழுக்கும். பகலில் 5600 கெல்வின்; எண்ணெய் விளக்கின் ஒளி ஏறத்தாழ 1900 கெல்வின்தான் என்றாலும், 3200இல் வைத்தால் விளக்கின் செம்மை கெடாமல் முகத்துக்கும் உயிர் இருக்கும். கற்பூரச் சுடரிலும் குங்குமத்திலும் சிவப்பு மட்டும் முதலில் அளவு மீறி விவரமிழந்து போவதால், மொத்த வெளிச்ச அளவியை நம்பாமல் சிவப்பு, பச்சை, நீலம் மூன்றையும் தனித்தனியே காட்டும் அளவியைப் பாருங்கள். லென்சின் முன் ஒரு சாதாரணக் கண்ணாடி வடிப்பான் இருக்கட்டும். கற்பூரக் கரியும் மஞ்சள் நீரும் உடையும் தேங்காய்ச் சில்லும் அதன்மீது விழட்டும்.

பகல் வெளிச்சத்தில் கங்கு சாம்பல் நிறமாகவே தெரியும். ஈஸ்டர் சமயத்தில் இங்கே மாலை ஆறு மணியளவில் பொழுது சாய்ந்துவிடும். அதற்குச் சற்று முன்னும் பின்னும் உள்ள அரைமணி நேரத்தில்தான் வானமும் கங்கும் ஒரே அளவில் ஒளிரும். அந்த அரைமணிக்காக ஒரு மின்கலத்தைத் தொடாமல் வைத்திருங்கள். இங்கே மின்வெட்டு மிகக் கடுமையாக இருந்த 2023ஆம் ஆண்டில், ஊரில் எப்போது விளக்கு அணையும் என்ற அட்டவணையும் படப்பிடிப்பு நிரலும் ஒரே தாளில் இருந்தன. அந்தப் பழக்கத்தை நான் விடவில்லை; காரிலேயே மின்னேற்றும் வசதி எப்போதும் உண்டு.

வேகம் குறைத்துக் காட்டுவது பற்றி என் கருத்தைச் சொல்லிவிடுகிறேன். ஆன்மிகப் படம் என்றாலே எல்லாவற்றையும் மெதுவாக்கி, அடியில் புல்லாங்குழலை ஓடவிடும் பழக்கம் பரவிவிட்டது. ஒருவர் பூக்குழியைக் கடப்பது சில நொடிகளில் முடிந்துவிடுகிறது. பல நாள் விரதத்துக்குப் பின் அந்தச் சில நொடிகள் எவ்வளவு சுருக்கமானவை என்பதே அந்நிகழ்ச்சியின் வலிமை. அதை நீட்டினால் பார்ப்பவருக்குப் பொய் சொன்னதாகிவிடும்.

ஆளில்லாப் பறக்கும் கேமராவுக்கு இங்கே சட்டம் கடுமையானது. 2015 ஜூலை முதல் நடப்பிலுள்ள வான்போக்குவரத்து விதிகளின்படி, தொழில்முறையில் பறக்கவிட ஓட்டுநர் உரிமமும் நிறுவனத்துக்கான சான்றிதழும் வேண்டும். குழுவில் சேராத மனிதர்களுக்கும் கட்டடங்களுக்கும் 50 மீட்டருக்குள் தனி அனுமதியின்றி நெருங்கக் கூடாது. விமான நிலையத்துக்கு 10 கிலோமீட்டருக்குள் பறப்பதற்கும் தடை உண்டு. டொங்காட் பகுதிக் கோயில்கள் கிங் ஷாக்கா விமான நிலையத்துக்கு மிக அருகில் உள்ளவை. உரிமம் பெற்றவரை அமர்த்துங்கள், அல்லது எதிர்வீட்டு மாடியில் ஏற அனுமதி கேளுங்கள். டர்பனில் மாடியிலிருந்து எடுக்க அனுமதி கேட்டால் சாயாவும் சேர்ந்தே வரும்.

ஒலி

நாதசுரமும் தவிலும் உறுமியும் ஒலிபெருக்கி வழியாகச் சேர்ந்து வரும்போது கேமராவின் மைக்கில் ஒலி உடைந்து பதியும். சத்தம் திடீரென ஏறினாலும் பிறகு சரிசெய்ய இடம்தரும் 32-பிட் மிதவை (ஃப்ளோட்) முறையில் பதியும் சிறு கருவி ஒன்றைக் குருக்களுக்கு அருகில் வையுங்கள். கோயிலின் ஒலிக்கலவைப் பெட்டியிலிருந்து ஒரு கம்பி எடுத்துக்கொள்ளுங்கள். மூன்றாவதாக, கூட்டத்தின் நடுவே ஒருவர் கையில் ஒரு மைக் இருக்கட்டும். விழா தொடங்குமுன் வெறிச்சோடிய கோயிலின் ஓசையை இரண்டு நிமிடம் பதிந்துகொள்ளுங்கள். டர்பனில் அது பெரும்பாலும் மைனாக்களின் சத்தமாகவே இருக்கும். அவையும் இந்தியாவிலிருந்து வந்து குடியேறியவைதாம்.

முகங்கள்

சாமி வந்து ஆடுபவரை எடுப்பது இத்தொழிலின் மிகக் கடினமான பகுதி. அந்நேரத்தில் அவரிடம் இசைவு கேட்க முடியாது. முன்பு கேட்டிருந்தாலும், ஆடும்போது தம் முகம் எப்படி இருக்கும் என்பது அவருக்கே தெரியாது. ஆகவே நான் இருமுறை கேட்கிறேன்: விரத நாட்களில் ஒருமுறை, விழா முடிந்து ஒரு வாரம் கழித்து அவர் வீட்டில் அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டி மறுமுறை. வேண்டாம் என்று அவர் சொன்னால் அழித்துவிட வேண்டும். இதுவரை அப்படி மூன்று பேர் சொன்னார்கள். மூன்றும் நல்ல காட்சிகள். இங்குள்ள தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம், மக்கள் வாயில் ‘போப்பியா’, ஒருவரின் சமய நம்பிக்கையைத் தனிக் கவனத்துக்குரிய தகவலாக வைத்திருக்கிறது. கலைப்படைப்புக்கும் செய்திக்கும் அதில் விலக்கு உண்டு என்றாலும், எழுத்தில் இசைவு இருப்பதே பிற்காலத்துக்குப் பாதுகாப்பு. அலகு குத்திக்கொள்ளும் சிறுவர்களின் காட்சிக்குப் பெற்றோரின் கையெழுத்து இல்லாமல் கேமராவைத் திறக்கவே வேண்டாம்.

முதியவர்களிடம் பேசும்போது, ஏன் இதைச் செய்கிறீர்கள் என்று கேட்டால் புத்தகத்தில் உள்ள விடையே வரும். ‘ஆயா, இந்தக் கரகத்தில் வேப்பிலையை இப்படிச் செருக உங்களுக்குக் காட்டியது யார்?’ என்று கேட்டுப் பாருங்கள். எஸ்டேட்டும், லைன் வீடும், பாட்டியின் பாட்டியும் தானாக வருவார்கள். தேவாரத்தை ஆங்கில எழுத்தில் எழுதி வைத்துப் பாடும் தலைமுறைதான் இன்று கோயில்களை நடத்துகிறது. அந்த ஏட்டை அருகில் சென்று எடுங்கள். ஆனால் தமிழ் தெரியவில்லையே என்று இரங்கும் தொனி படத்தில் வரக் கூடாது. எழுத்துப் போன பிறகும் பாட்டு நின்றது என்பதே அங்கே காணக் கிடைக்கும் செய்தி. பெயர் மாறியும் நின்றதற்கு ஓர் உதாரணம்: விடிய விடிய நடக்கும் தெருக்கூத்தை இங்கே ஆங்கிலத்தில் ‘சிக்ஸ்-ஃபுட் டான்ஸ்’ என்பார்கள். தமிழ்நாட்டிலிருந்து வரும் ஆய்வாளர் அந்தப் பெயரைக் கேட்டு வேறேதோ என்று கடந்துபோய்விடக்கூடும்.

இடத்தின் கதை

1860 நவம்பர் 16 அன்று ‘டுரூரோ’ என்ற கப்பல் சென்னையிலிருந்து முதல் ஒப்பந்தத் தொழிலாளர்களை இங்கே இறக்கியது. 1911 வரை ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டோர் வந்தார்கள். கப்பல் பட்டியல்களில் ஒவ்வொருவருக்கும் ஓர் எண், தந்தை பெயர், வயது, சாதி, மாவட்டம், ஊர், உடலிலுள்ள தழும்பு வரை எழுதப்பட்டிருக்கிறது. டர்பன் வெஸ்ட்வில்லில் உள்ள காந்தி-லுத்துலி ஆவண மையம் இவ்வரலாற்றுக்குத் தேட வேண்டிய முதல் இடம். ஒரு குடும்பத்தைப் படமாக்கும்போது, அவர்களின் முன்னோருக்குரிய வரியை அவர்களே முதன்முறையாக வாசிக்கும் நேரத்தில் கேமரா ஓடிக்கொண்டிருக்கட்டும். அதை ஒத்திகை பார்க்க முடியாது.

இங்குள்ள கோயில்களில் பலவற்றுக்குப் பக்கத்தில் பக்தர்களின் வீடு இருக்காது. இனவாரியாகக் குடியிருப்புகளைப் பிரித்த 1950ஆம் ஆண்டின் குழுப்பகுதிச் சட்டத்தால், டர்பனின் கேட்டோ மேனரிலிருந்து மக்கள் வெளியேற்றப்பட்டு, இந்தியர்களுக்கென ஒதுக்கிய சாட்ஸ்வர்த்துக்கும், பிறகு ஃபீனிக்சுக்கும் கொண்டுசெல்லப்பட்டார்கள். கோயில் இருந்த இடத்திலேயே இருந்தது. கேட்டோ மேனரிலுள்ள ஸ்ரீ அம்பலவாணர் ஆலயம் இதற்கு முன்பே ஒருமுறை இடம்பெயர்ந்தது. 1875 அளவில் உம்பிலோ ஆற்றங்கரையில் எழுந்த கோயிலை 1905இன் வெள்ளம் கொண்டுபோனது. 1947இல் கட்டிய இன்றைய ஆலயத்தில் பழைய கோயிலின் கதவுகள் பொருத்தப்பட்டிருக்கின்றன. இதைப் பேச்சில் சொல்லிக் கடந்துவிடாதீர்கள். சாட்ஸ்வர்த்தில் ஒரு வீட்டில் கார் கிளம்புவதிலிருந்து கோயில் வாசல் வரை பின்னிருக்கையில் அமர்ந்து ஒரே ஓட்டமாக எடுங்கள். பால்குடம் சிந்தாமல் மடியில் பிடித்திருக்கும் அந்த அம்மாளின் கையில் சட்டத்தின் வரலாறு முழுவதும் இருக்கும்.

பிற சமயத்தாரிடம் போகும்போதும் இந்தப் பழக்கம் உதவும். ஒவ்வோர் ஆண்டும் சனவரியில், சூலு மக்களிடையே எழுந்த ஷெம்பே திருச்சபையினர் வெள்ளுடையோடு இன்லாங்காகசி மலைக்கு வெறுங்காலில் நடக்கிறார்கள். செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு வந்த தமிழ் ஒளிப்பதிவாளரைப் பார்த்து, அந்த ஊர்ப் பெரியவர் ஒருவர் எனக்கு வழிகாட்ட ஆள் அனுப்பினார்.

பிழைப்பு

ஆவணப்படம் மட்டும் சோறு போடாது. என் வருமானத்தில் பாதிக்கு மேல் இன்றும் திருமணம், கோயில் நேரலை, நிறுவன விழா ஆகியவற்றிலிருந்தே வருகிறது. இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை, கூட்டத்துக்குள் இடிக்காமல் நகர நான் கற்றதே கல்யாண வீடுகளில்தான். டர்பன் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் ஒளிப்பதிவுப் படிப்பிலோ, அஃப்டா திரைப்படப் பள்ளியிலோ சேரலாம். முடியாதவர்கள் ஒரு நல்ல ஒளிப்பதிவாளரிடம் இரண்டு விழாக் காலம் குவியம் பார்க்கும் உதவியாளராக இருந்தால் அதுவும் படிப்புத்தான். நிதிக்குத் தேசியத் திரைப்பட, காணொளி அறக்கட்டளையிடம் விண்ணப்பிக்கலாம். 1979 முதல் நடக்கும் டர்பன் சர்வதேசத் திரைப்பட விழாவும், அதனோடு 2010இல் தொடங்கிய டர்பன் ஃபிலிம்மார்ட் சந்தையும் நம் வீட்டு வாசலிலேயே இருக்கின்றன. கேப்டவுன், ஜோகானஸ்பர்க் நகரங்களில் நடக்கும் என்கவுண்டர்ஸ் விழா ஆவணப்படங்களுக்கென்றே உள்ளது. மாதிரிக் காட்சித் தொகுப்பு மூன்று நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். அதில் ஒரு சடங்காவது வெட்டில்லாமல் முழுதாக இருக்கட்டும், பின்னணி இசை வேண்டாம்.

ஒப்பந்தத்தில் கவனம் வேண்டும். இங்குள்ள 1978ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின்படி, வேறு உடன்பாடு எழுதப்படாவிட்டால், பணம் கொடுத்துப் படம் எடுக்கச் சொன்னவரே அதன் உரிமையாளர். நான் ஐந்து ஆண்டுகள் சேர்த்த காட்சிகளை ஒரு வெளிநாட்டு நிறுவனம் என்னைக் கேட்காமல் வேறொரு பயண நிகழ்ச்சிக்கு விற்றது. ‘மர்மச் சடங்குகள்’ என்ற பொருளில் தலைப்பும் வைத்தது. கோயிலில் முகம் காட்ட எனக்கு ஓராண்டு ஆயிற்று. இப்போது என் ஒப்பந்தங்களில் இரண்டு வரி நீங்காமல் இருக்கும்: எடுத்த காட்சிகளை இந்தப் படத்துக்கு வெளியே பயன்படுத்த என் எழுத்து இசைவு வேண்டும், கோயிலுக்குரிய பகுதியின் ஒரு பிரதி கட்டணமின்றிக் கோயிலைச் சேரும்.

அந்தப் பிரதியைக் கொடுக்கும் முறையும் உண்டு. ஒரே வன்தட்டில் கொடுத்தால் அது அப்போதைய செயலாளர் வீட்டு அலமாரியில் தூங்கி, குழு மாறியதும் தொலைந்துபோகும். மூன்று பிரதிகள் எடுத்து, ஒன்றைக் கோயிலிலும், ஒன்றை ஓர் ஆவணக் காப்பகத்திலும், ஒன்றை உங்களிடமும் வையுங்கள். ஒவ்வொரு கோப்புக்கும் ஆண்டு, மாதம், நாள், கோயில், சடங்கு என்ற வரிசையில் பெயரிட்டு, படத்தில் இருப்போரின் பெயர்களைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் தனித்தாளில் எழுதி உடன் சேருங்கள். பெயர் சொல்லத் தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே அந்தத் தாளை நிரப்புங்கள். அதற்கு ஒரு ஞாயிற்றுக்கிழமையும், பெரிய திரையும், மதியச் சோறும் போதும்.